கூட்டக் கொலை வழக்குகளில் பெயர்களைக் குவிக்கும் வழக்கம்: குற்ற வழக்குத் தொடர்வுத் துறை இயக்குநருக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாடு குற்ற வழக்குத் தொடர்வுத் துறை இயக்குநர் அவர்களுக்கு,

என் தம்பியைக் கொன்ற வழக்கில் குற்றம்சாட்டப்பட்ட 14 பேரையும் சந்தேகத்தின் பலனை அளித்து அமர்வு நீதிமன்றம் விடுதலை செய்திருக்கிறது. அந்தத் தீர்ப்பை எதிர்த்து அரசு மேல்முறையீடு செய்ய முகாந்திரம் இல்லை என்று எங்கள் மாவட்டத்தின் அரசுக் குற்றவியல் வழக்கறிஞர் கருத்துரை எழுதி அனுப்பிவிட்டதாக அறிகிறேன். புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 20ஆம் பிரிவு, மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கத்தக்க வழக்குகளைக் கண்காணிப்பதையும் மேல்முறையீடு குறித்துக் கருத்துச் சொல்வதையும் இயக்குநரின் பொறுப்பாகவே வைத்திருக்கிறது. ஆகவே அந்தக் கருத்துரையை நீங்கள் ஏற்கக் கூடாது என்பதையும், இந்த வழக்கு எப்படித் தோற்றது என்பதையும் உங்களுக்கே எழுதுகிறேன்.

நான் நீதிமன்றத்தில் தட்டச்சராகப் பணியாற்றி ஓய்வு பெற்றவள். சாட்சி கூண்டில் நின்று சொல்வதை நீதிபதி எடுத்துரைக்க, அதைத் தாளில் ஏற்றுவது என் வேலையாக இருந்தது. கொலை வழக்குகளில் "மேற்படி எதிரிகள் அனைவரும் பொது நோக்கத்துடன் சட்டவிரோதமாகக் கூடி, பயங்கர ஆயுதங்களுடன் வந்து" என்ற வரியை எத்தனையோ முறை அடித்திருக்கிறேன். நீதிமன்ற மொழியில் எதிரிகள் என்றால் குற்றம்சாட்டப்பட்டவர்கள். பெயர்கள் மாறும், ஊர் மாறும், அந்த வரி மாறாது. என் வீட்டுச் சாவுக்கும் அதே வரிதான் எழுதப்பட்டது என்பதையும், அந்த வரியே எங்கள் வழக்கைக் கெடுத்தது என்பதையும் நான் பொறுத்துக்கொண்டு சும்மா இருக்க இயலவில்லை.

நடந்தது இது. வயலுக்குப் போகும் பொதுப்பாதை பற்றிய தகராறில், மாலை நேரத்தில், தேநீர்க் கடைக்கு எதிரே என் தம்பியை மறித்தவர்கள் ஐந்து பேர். ஒருவர் வழியை அடைத்து நின்றார். ஒருவர் பின்னாலிருந்து இரு கைகளையும் பிடித்துக்கொண்டார். இருவர் அரிவாளால் வெட்டினார்கள். ஒருவர் வண்டியின் எஞ்சினை அணைக்காமல் தயாராக நின்று, வெட்டிய இருவரையும் ஏற்றிக்கொண்டு போனார். என் தம்பி மனைவியும், கடைக்காரரும், கடையில் இருந்த ஒரு விவசாயக் கூலித் தொழிலாளியும் இதைப் பார்த்தார்கள். அன்று இரவு காவல் நிலையத்தில் என் தம்பி மனைவி சொன்னது இந்த ஐந்து பேரைத்தான். நான் பக்கத்தில் இருந்தேன். விடிவதற்குள் முதல் தகவல் அறிக்கையில் எட்டுப் பெயர்கள் இருந்தன. குற்றப் பத்திரிகை தாக்கலாகும்போது 14 ஆகியிருந்தன. கூட்டப்பட்ட ஒன்பது பேரில் ஒருவர் கண்பார்வை மங்கிய முதியவர், ஒருவர் வெளியூரில் விடுதியில் தங்கிப் படித்த மாணவர், மற்றவர்கள் அந்த ஐவரின் அண்ணன் தம்பிகள், பங்காளிகள், மைத்துனர்கள். இவர்கள் எல்லோரும் "ஆயுதங்களுடன் சூழ்ந்து நின்று, விடாதே வெட்டு என்று சத்தமிட்டதாக" மூன்று கண்கண்ட சாட்சிகளின் காவல்துறை வாக்குமூலங்களிலும் ஒரே சொற்களில், ஒரே எழுத்துப் பிழையோடு எழுதப்பட்டிருந்தது. ஏன் இத்தனை பேர் என்று நான் கேட்டதற்கு, "எல்லாரையும் உள்ளே வைத்தால்தான் ஊர் அமைதியாக இருக்கும்" என்று விசாரணை அதிகாரி சொன்னார்.

கூட்டாகச் செய்யும் குற்றத்துக்குக் கூட்டாகப் பொறுப்பேற்க வைக்கும் சட்டத்தை நான் குறை கூறவில்லை. அந்தச் சட்டம் வேண்டும். கைகளைப் பிடித்துக்கொண்டவர் அரிவாளைத் தொடவில்லை. வண்டியோடு நின்றவர் என் தம்பியின் அருகில்கூட வரவில்லை. ஆனாலும் அவர்கள் இல்லாமல் அந்தக் கொலை நடந்திருக்காது. 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 34ஆம் பிரிவு இதற்காகத்தான் இருந்தது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் அது 3(5) ஆக இருக்கிறது. பலருடைய பொதுக் கருத்தை, அதாவது சேர்ந்து செய்யும் எண்ணத்தை, நிறைவேற்ற ஒரு குற்றச் செயல் செய்யப்பட்டால், அதில் பங்குகொண்ட ஒவ்வொருவரும் தாமே தனியாகச் செய்ததைப் போலப் பொறுப்பாவார் என்பது அதன் சாரம். கல்கத்தாவில் ஓர் அஞ்சலகத்தில் பணம் கேட்டு அஞ்சலக அதிகாரியைச் சுட்டுக் கொன்ற வழக்கில், தான் வெளியே நின்றதாகச் சொன்ன பரேந்திரகுமார் கோஷின் வாதத்தை 1925இல், அன்று இந்தியாவுக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் ஏற்கவில்லை. இன்றுவரை நம் நீதிமன்றங்கள் அந்தத் தீர்ப்பின் வழியிலேயே நடக்கின்றன.

அதே தண்டனைச் சட்டத்தின் 149ஆம் பிரிவு, இப்போது நியாய சன்ஹிதாவின் 190, இதைவிட அகலமானது. ஐந்து அல்லது அதற்கு மேற்பட்டோர் சட்டவிரோதக் கூட்டமாகச் சேர்ந்து, அக்கூட்டத்தின் பொது நோக்கத்தை நிறைவேற்ற ஒருவர் குற்றம் செய்தால், அல்லது அப்படி ஒரு குற்றம் நடக்கக்கூடும் என்று உறுப்பினர்கள் அறிந்திருந்தால், அந்நேரத்தில் கூட்டத்தின் உறுப்பினராக இருந்த அனைவரும் அதே குற்றத்துக்குப் பொறுப்பு. தனித்தனியாக ஒவ்வொருவரும் என்ன செய்தார் என்று காட்ட வேண்டியதில்லை. 1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் 44 பேர் தீயில் மாண்டார்கள். அப்படிப்பட்ட கும்பலில் தீக்குச்சியைக் கிழித்த கை எது என்று குடிசைக்குள் வெந்தவர்கள் வந்து சொல்ல முடியாது. அந்த வழக்கிலும் மேல்முறையீட்டில் எதிரிகள் விடுதலையானார்கள் என்பது இந்த மாநிலம் மறக்கக் கூடாத ஒன்று. கும்பலுக்குள் ஒளிந்துகொள்வதையே பாதுகாப்பாக நினைப்பவர்களுக்கு எதிராக எளியவர்களின் கையில் இருக்கும் பிரிவு இது. இதைக் கெடுக்கக் கூடாது என்ற கவலையில்தான் இவ்வளவும் எழுதுகிறேன்.

கெடுப்பது எது என்றால், செயலை நிரூபிக்க வேண்டாம் என்ற சலுகையை, உறுப்பினர் என்பதையும் நிரூபிக்க வேண்டாம் என்று விசாரணை அதிகாரிகள் எடுத்துக்கொள்வதுதான். இரண்டும் வேறு. உத்தரப் பிரதேச கிராமம் ஒன்றில் கோஷ்டிப் பகையில் நடந்த கொலைகள் பற்றிய மசல்தி வழக்கில், 1964இல் உச்ச நீதிமன்றம், ஒவ்வொரு உறுப்பினரும் வெளிப்படையாக ஏதேனும் செய்திருக்க வேண்டும் என்பதில்லை என்று தெளிவாக்கியது. அதே தீர்ப்பில், பலர் குற்றம்சாட்டப்பட்டு, பகைத் தரப்புச் சாட்சிகளே இருக்கும் வழக்குகளில், குறைந்தது இரண்டு மூன்று சாட்சிகளாவது ஒருவரைப் பற்றி முரணின்றிச் சொல்கிறார்களா என்று பார்ப்பது பயனுள்ள சோதனை என்றும் சொன்னது. முதல் பாதியை மட்டும் படித்துவிட்டு இரண்டாம் பாதியை மடித்து வைத்தால், வேடிக்கை பார்க்க வந்தவரும், சத்தம் கேட்டு ஓடிவந்தவரும், அன்று ஊரிலேயே இல்லாதவரும் கொலையாளிகளாகிவிடுவார்கள். 34ஆம் பிரிவிலும் அப்படியே. சிந்து நதிக்கரையில் நாணல் வெட்டப்போனவர்களுடன் ஏற்பட்ட தகராறில் எழுந்த மஹ்பூப் ஷா வழக்கில், ஒரே மாதிரியான எண்ணம் இருவருக்குத் தனித்தனியே இருப்பது வேறு, இருவருக்கும் பொதுவான கருத்து இருப்பது வேறு என்று பிரிவி கவுன்சில் 1945இலேயே பிரித்துக் காட்டி, கொலைத் தண்டனையை ரத்து செய்தது.

இனி எங்கள் வழக்கு நீதிமன்றத்தில் என்னவாயிற்று என்பதைச் சொல்கிறேன். என் தம்பி மனைவி கூண்டில் ஏறி, ஐந்து பேரையும் ஒவ்வொருவராகக் காட்டி, யார் மறித்தார், யார் பிடித்தார், யார் எந்தப் பக்கம் வெட்டினார் என்று சொன்னார். மற்ற ஒன்பது பேரைப் பற்றி அரசு வழக்கறிஞர் கேட்டபோது, "அவர்களை நான் அங்கே பார்க்கவில்லை" என்றார். உண்மையைச் சொன்னதற்காக, அரசுத் தரப்பே அவரைப் பிறழ் சாட்சி என்று அறிவித்து, அவரைக் குறுக்கு விசாரணை செய்தது. கணவனை வெட்டியதை நேரில் கண்ட பெண், எதிரிகளிடம் விலைபோய்விட்டவரைப் போலக் கேள்வி கேட்கப்பட்டதை நான் பின்வரிசையில் அமர்ந்து கேட்டேன். கடைக்காரரும் கூலித் தொழிலாளியும் தங்கள் வாக்குமூலத்தில் எழுதியிருந்தபடியே 14 பேரையும் ஒப்பித்தார்கள். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் மாணவரின் தேர்வு வருகைப் பதிவேட்டை எடுத்து வைத்தார். முதியவர் அன்று மருத்துவமனையில் உள்நோயாளியாக இருந்த ஆவணத்தை வைத்தார். அதற்கு மேல் அந்த இரு சாட்சிகளால் எதிலும் நிற்க முடியவில்லை. கைப்பற்றியதாகக் காட்டப்பட்ட அரிவாள்கள், தலைக்கு ஒன்று என எண்ணி வைத்தாற்போல இருந்தன. கைப்பற்றியதைப் பதிவு செய்த எல்லா மகஜர்களிலும் ஒரே இரண்டு பேர் கையெழுத்து. தீர்ப்பில் நீதிபதி எழுதியது சுருக்கமாக இதுதான்: ஒரு சாட்சி ஐவர் என்கிறார், இருவர் பதினால்வர் என்கிறார்கள், அப்பதினால்வரில் சிலர் அங்கே இல்லை என்பது ஆவணத்தால் தெரிகிறது, ஆகவே நிகழ்வு அரசுத் தரப்பு சொன்னவாறு நடந்ததா என்பதே ஐயத்துக்குரியது.

செய்யாத ஒன்பது பேரைச் சேர்த்ததால் செய்த ஐந்து பேர் வெளியே வந்தார்கள். அவர்களில் இருவர் அந்தத் தேநீர்க் கடையில்தான் இப்போது மாலையில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

அந்த மாணவரின் தாயையும் நான் சொல்லியாக வேண்டும். மகன் சிறையில் இருந்த நாட்களில் அவர் ஒருமுறை நீதிமன்ற வளாகத்தில் என்னிடம் வந்து, "அக்கா, உங்க தம்பி செத்தது எனக்கும் வருத்தந்தான், எம்புள்ள அன்னிக்கு ஊருலயே இல்லக்கா, உங்களுக்கே தெரியும்லக்கா" என்றார். எனக்குத் தெரியும். காவல்துறைக்கும் தெரியும். ஒரு தொலைபேசி அழைப்பில் கல்லூரியிலிருந்து உறுதி செய்திருக்கக்கூடிய செய்தி அது. அந்தப் பையன் பிணையில் வந்த பிறகு படிப்பைத் தொடரவில்லை. இப்படிச் சேர்க்கப்பட்டவர்களின் குடும்பங்களும் எங்களைப் போலவே வழக்குக்கு வழக்கு நகை விற்று, நிலம் அடகு வைத்து, வாய்தாவுக்கு வாய்தா அலைகின்றன. முன்பு பாதைத் தகராறில் எங்களோடு நின்ற பங்காளிகள் சிலர் இந்த வழக்குக்குப் பிறகு எதிர்த்தரப்போடு சேர்ந்துவிட்டார்கள். ஊர் அமைதி என்று அந்த அதிகாரி சொன்னது இப்படித்தான் முடிந்திருக்கிறது.

சட்டப்படியும் இந்தக் குவியல் வழக்கைப் பலவீனப்படுத்தவே செய்கிறது. ஐந்து என்ற எண்ணிக்கை 149ஆம் பிரிவின் அடித்தளம். குற்றப் பத்திரிகையில் பெயர் சொல்லப்பட்டவர்கள் மட்டுமே கூட்டம் என்று குற்றச்சாட்டு வனைந்துவிட்டு, விடுதலையானவர்கள் போக எஞ்சியவர்கள் ஐவருக்குக் குறைந்தால் அப்பிரிவு நிற்காது, அடையாளம் தெரியாத பிறரும் இருந்தனர் என்று குற்றச்சாட்டிலும் சாட்சியத்திலும் இருந்தாலொழிய. 1962இல் மோகன் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை விளக்கி, எஞ்சியவர்களை 34ஆம் பிரிவின் கீழ்த் தண்டிக்க இடமிருந்ததால் அவ்வழக்கில் அவர்களைத் தண்டித்தது. மறுபுறம், 1963இன் கிருஷ்ண கோவிந்த பாட்டீல் வழக்கில், நால்வர் சேர்ந்து செய்தார்கள் என்று குற்றம்சாட்டி மூவர் விடுதலையான பிறகு, அந்த மூவரோடு சேர்ந்து செய்தார் என்று நான்காமவரைத் தண்டிக்க முடியாமல் போயிற்று. யாரைச் சேர்க்கிறோம், எந்தப் பிரிவில் சேர்க்கிறோம், அவர்களைத் தவிர வேறு யாரும் இருந்தார்களா என்பதெல்லாம் குற்றப் பத்திரிகையை எழுதும் நாளிலேயே யோசிக்க வேண்டியவை. எங்கள் வழக்கில் 34, 149 இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதியிருந்தார்களே தவிர, எது யாருக்கு என்று ஒரு வரிகூட இல்லை.

இனி வரும் வழக்குகளில் இந்த அலட்சியத்தின் விலை கூடும். பாரதிய நியாய சன்ஹிதாவின் 103(2) பிரிவு, சாதி, இனம், பாலினம், மொழி, பிறப்பிடம், தனிப்பட்ட நம்பிக்கை போன்ற காரணங்களுக்காக ஐவரோ அதற்கு மேற்பட்டோரோ கூடிச் செய்யும் கொலைக்கு, அக்குழுவின் ஒவ்வொருவருக்கும் மரணம் அல்லது ஆயுள் என்று விதிக்கிறது. அங்கேயும் ஊரையே எழுதிவைக்கும் பழக்கம் தொடர்ந்தால், நிரபராதி தூக்குமேடையின் நிழலில் நிற்க நேரிடும். கொலையாளி அவருடைய பதிவேட்டைக் காட்டித் தப்பிப்பார்.

வேறு விதமாகச் செய்ய முடியும் என்பதற்கும் நம் மாநிலத்திலேயே சான்று உண்டு. கோகுல்ராஜ் கொலை வழக்கில் முக்கியச் சாட்சி பிறழ்ந்த பிறகும், திருச்செங்கோடு கோயிலின் கண்காணிப்புக் கேமரா பதிவு உள்ளிட்ட சான்றுகளைக் கொண்டு 2022இல் மதுரைச் சிறப்பு நீதிமன்றம் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை விதித்து, ஐவரை விடுவித்தது. கூட்டத்தில் யாருக்கு எதிராக என்ன சான்று என்று தனித்தனியே பார்க்க நீதிமன்றத்தால் முடிந்தது. எங்கள் வழக்கிலும் தேநீர்க் கடைக்கு அடுத்த கூட்டுறவுச் சங்கக் கட்டடத்தில் கேமரா இருந்தது. அதன் பதிவை எடுத்துவைக்கச் சொல்லி நான் எழுதிக் கொடுத்த மனு அப்படியே கிடந்தது, பதிவு அழிந்துபோயிற்று.

மேல்முறையீட்டுக்கு முகாந்திரம் இல்லை என்ற கருத்துரைக்கு வருகிறேன். விடுதலைத் தீர்ப்பில் உயர் நீதிமன்றம் எளிதில் தலையிடாது என்பதும், விடுதலையானவருக்கு நிரபராதி என்ற அனுமானம் இரட்டிப்பாகிறது என்பதும் எனக்குத் தெரியும். ஆனால் ஒரு சாட்சி ஒன்றில் பொய் சொன்னால் அனைத்தும் பொய் என்ற விதி இந்தியாவில் இல்லை, நெல்லையும் பதரையும் பிரித்தெடுப்பது நீதிமன்றத்தின் கடமை என்று உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. பிறழ் சாட்சியாக அறிவிக்கப்பட்டவரின் சாட்சியம் முற்றாக அழிந்துவிடாது, நம்பத்தக்க பகுதியை ஏற்கலாம் என்பதும் 1976 முதல் நிலைபெற்றிருக்கும் சட்டம். என் தம்பி மனைவியின் சாட்சியத்தில் ஐவரைப் பற்றிய பகுதி குறுக்கு விசாரணையில் அசையவில்லை. பிரேதப் பரிசோதனை அறிக்கையின் காயங்கள் அவர் சொன்ன இடங்களோடு பொருந்துகின்றன. மற்ற இரு சாட்சிகளும் அந்த ஐவரைப் பற்றிச் சொன்னதும் அவர் சொன்னதும் ஒன்றே. மசல்தி தீர்ப்பின் சோதனை அப்படியே நிறைவாகும் வழக்கு இது. இந்தக் கேள்வியைக் கருத்துரை எழுதியவர் ஒரு சொல்லாலும் தொடவில்லை. பாதிக்கப்பட்டவர் என்ற முறையில் எங்களுக்கும் மேல்முறையீட்டு உரிமை உண்டு, அதைப் பயன்படுத்துவோம். ஆனால் அரசு தொடுத்து, அரசு நடத்தி, அரசே கெடுத்த வழக்கை, விதவையான ஒரு பெண் தன் செலவில் சுமக்க வேண்டும் என்பது நியாயமாகாது.

எங்கள் கோரிக்கைகள் இவை.

அரசு மேல்முறையீடு செய்வதற்கான 90 நாள் கெடு முடியுமுன், மாவட்டக் கருத்துரையைத் தள்ளிவைத்து, வழக்குக் கட்டை நீங்களே வரவழைத்துப் படித்து, நேரடிச் சாட்சியம் உள்ள ஐந்து பேருக்கு எதிராக மட்டும் மேல்முறையீடு செய்யப் பரிந்துரைக்க வேண்டும். மற்ற ஒன்பது பேரை அதில் இழுக்கக் கூடாது. அவர்களின் விடுதலை சரியானது என்று மேல்முறையீட்டு மனுவிலேயே அரசு ஒப்புக்கொள்ள வேண்டும்.

குஜராத் அரசு எதிர் கிஷன்பாய் வழக்கில் 2014 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், விடுதலையில் முடியும் ஒவ்வொரு வழக்கையும் காவல், வழக்குத் தொடர்வு இரு துறைகளின் மூத்த அதிகாரிகள் அடங்கிய குழு ஆராய வேண்டும், தவறு செய்த அதிகாரிகள் மீது துறை நடவடிக்கை வேண்டும் என்று எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. எங்கள் வழக்கை அந்தக் குழு ஆராய்ந்ததா, ஆராய்ந்தால் என்ன முடிவுக்கு வந்தது என்பதை எழுத்தில் தர வேண்டும். ஆராயவில்லையென்றால் உடனே ஆராய வேண்டும். ஊரில் இல்லாதவர்கள் எப்படி எதிரிகளானார்கள், கேமரா பதிவு ஏன் எடுக்கப்படவில்லை, கொல்லப்பட்டவரின் மனைவி ஏன் பிறழ் சாட்சி ஆக்கப்பட்டார் என்ற மூன்றுக்கும் அக்குழு விடை சொல்ல வேண்டும்.

இனி 3(5), 190, 103(2) ஆகிய பிரிவுகள் சேரும் எந்தக் கொலை வழக்கிலும், குற்றப் பத்திரிகை தாக்கலாகுமுன் உங்கள் துறையின் வழக்கறிஞர் அதைப் பார்வையிட வேண்டும். ஒவ்வொரு எதிரிக்கும் தனியே, அவர் எங்கே இருந்தார், என்ன வைத்திருந்தார், என்ன செய்தார் அல்லது என்ன தெரிந்திருந்தார், அதைச் சொல்லும் சாட்சி யார், சாட்சியைத் தவிர வேறு என்ன ஆதாரம் என்று எழுதப்பட்டிருக்க வேண்டும். அதை எழுத முடியாதவரின் பெயர் நீக்கப்பட வேண்டும். தான் அங்கே இல்லை என்று ஒருவர் சொன்னால், அதை விசாரணைக் காலத்திலேயே சரிபார்த்து, முடிவைக் கட்டில் வைக்க வேண்டும். இதற்கு உங்கள் கையெழுத்தில் ஒரு சுற்றறிக்கை போதும்.

புகார் கொடுத்தவர் சொன்னது சொன்னபடியே பதிவாக, கூட்டக் கொலை வழக்குகளில் முதல் புகாரையும் கண்கண்ட சாட்சிகளின் வாக்குமூலத்தையும் ஒலி, ஒளிப் பதிவாக எடுக்கும்படியும், முக்கியச் சாட்சிகளை நீதித்துறை நடுவர் முன் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 183ஆம் பிரிவின் கீழ் விரைந்து வாக்குமூலம் தரச் செய்யும்படியும் காவல்துறைத் தலைமையை நீங்கள் எழுத்தில் கேட்க வேண்டும்.

எங்கள் கடைக்காரரும் கூலித் தொழிலாளியும் விடுதலையானவர்களுக்கு நடுவே தினமும் வாழ்கிறார்கள். மேல்முறையீடு முடியும்வரை சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தின் கீழ் அவர்களுக்கும் என் தம்பி மனைவிக்கும் பாதுகாப்புக் கேட்டு, உரிய அதிகாரியிடம் அரசுத் தரப்பே விண்ணப்பிக்க வேண்டும்.

இந்த மடலுக்கான பதிலை, மேல்முறையீடு குறித்த உங்கள் முடிவோடு, கெடு முடிவதற்கு முன் எங்களுக்கு எழுத்தில் அனுப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கொல்லப்பட்டவரின் அக்காள்,
ஓய்வுபெற்ற நீதிமன்றத் தட்டச்சர்